மீடியத்தின் இடுப்பு

எங்கள் கம்பெனியில் எனக்குச் சம்பளம் எழுதுவதற்கு. மரியாதை என் உடம்புக்கு. இதை ஒருமுறை என் கணவரிடம் சொன்னேன். அவர் கையிலிருந்த பேப்பரை மடித்து வைத்துவிட்டு, "இன்னொரு தடவ சொல்லு, நல்லா கேட்டுக்கறேன்," என்றார்.

விஷயம் இதுதான். நாங்கள் மலையேறும் பெண்களுக்கு உடுப்பு தைக்கிறோம். மழைக்கோட்டு, காற்றுக்குப் போடும் மேல்சட்டை, குளிர் ஜாக்கெட். ஜாக்கெட் என்று சொன்ன பாவத்துக்கு என் சித்தி வருஷா வருஷம் ரவிக்கைத் துணியும் அளவு ரவிக்கையும் பையில் போட்டு அனுப்பிவிடுகிறாள். விளக்கிச் சொல்லி அலுத்துப்போய், இப்போதெல்லாம் பக்கத்துத் தெருவில் கொடுத்துத் தைத்து, கம்பெனியில் தைத்தது என்று சொல்லிவிடுகிறேன். உண்மையோடு எனக்கு இருந்த உறவு இதிலிருந்தே தெரிந்திருக்கும்.

கம்பெனி என்றதும் பெரிதாக நினைக்க வேண்டாம். கீழே தையல், மேலே அலுவலகம், நடுவில் மாதிரி அறை. மொத்தம் நாற்பது பேர். பதினோரு வருஷத்துக்கு முன்னால் நான் சேர்ந்தது விலாசம் எழுதவும், வாடிக்கையாளர்களுக்குப் பதில் போடவும், விளம்பர வாசகம் எழுதவும். சேர்ந்த முதல் வாரமே முதலாளியம்மா மாதிரி அறையிலிருந்து தலையை நீட்டினார்.

"அளவுப் பொம்மைய வச்சு ஒண்ணும் ஆகல. அது உக்காராது, குனியாது, கையத் தூக்காது. ஒல்லியும் இல்லாம குண்டும் இல்லாம நடுவாந்தரமா ஒரு ஆள் வேணும்," என்றார். பார்வை அறையைச் சுற்றி வந்து என்மேல் நின்றது. நடுவாந்தரம் என்று ஒருத்தர் என்னைத் தேர்ந்தெடுத்து நான் பூரித்துப் போனது வாழ்க்கையில் அந்த ஒரு தடவைதான்.

அன்றிலிருந்து நான் மீடியம், என் மேஜையும் மாதிரி அறைக்கு வந்துவிட்டது. கட்டிங் மாஸ்டர் என்மேல் வைத்து வெட்டுவார். அதைக் கூட்டியும் குறைத்தும் மற்ற அளவுகள் உருவாகும். பெயர் போய், "மீடியம் அக்கா, டீ ஆறுது," என்பது நிலைத்தது. பஸ் நிறுத்தத்தில் முன்பின் தெரியாத ஒருத்தி எங்கள் மழைக்கோட்டைப் போட்டுக்கொண்டு நின்றால், அதோ என் தோள் நிற்கிறது என்று எனக்குள் ஒரு கர்வம் வரும். அவளிடம் போய்ச் சொல்ல வாய் துறுதுறுக்கும். ஒரு தடவை சொல்லியும்விட்டேன். அவள் அடுத்த பஸ்ஸில் ஏறிப் போய்விட்டாள்.

மாஸ்டர் அதிகம் பேசாத மனிதர். ஐம்பதைத் தாண்டியவர், கழுத்தில் டேப், சட்டைப் பையில் சாக்கட்டி. அளவெடுக்கும்போது நம்மைப் பார்க்க மாட்டார், சுவரைப் பார்ப்பார். டேப்பின் நுனியை இரண்டு விரலால் மட்டும் பிடிப்பார். முதல் நாள் அவர் டேப்போடு கிட்ட வந்ததும் என் வயிறு தானாக உள்ளே போனது. நான் ஒன்றும் திட்டம் போட்டுச் செய்யவில்லை. போட்டோ எடுக்கிறார்கள் என்றால் எப்படிப் போகுமோ, அப்படிப் போனது. வயிறு உள்ளே போனால் மார்பு மேலே வருமல்லவா, அதுவும் வந்தது.

"மூச்சு விடுங்கம்மா," என்றார்.

"விட்டுட்டுதான் மாஸ்டர் இருக்கேன்," என்றேன், இருந்த கொஞ்சம் காற்றில். என் குரல் கீச்சென்று வந்ததை அவர் கூச்சம் என்று எடுத்துக்கொண்டிருக்க வேண்டும்.

மார்பு முப்பத்தாறு, இடுப்பு முப்பது என்று ஒரு அட்டையில் நீல மையில் எழுதி மாதிரி அறைச் சுவரில் மாட்டினார். அவர் திரும்பியதும் மூச்சை விட்டேன். அப்போதே சொல்லியிருக்கலாம். அப்போது வித்தியாசம் ஒன்றரை அங்குலம்தான் இருந்திருக்கும், சிரித்துவிட்டுத் திருத்தியிருப்பார். ஆனால் அந்த முப்பது அங்கே அழகாக இருந்தது. கல்யாணத்துக்கு முன்னால் எடுத்த போட்டோவை மாட்டி வைத்த மாதிரி இருந்தது.

அதற்கப்புறம் வருஷத்துக்கு இரண்டு தடவை, ஜனவரியிலும் ஜூலையிலும் அளவெடுப்பார். அதற்கு முந்தின ராத்திரி சாப்பிட மாட்டேன். காலையில் அரை டம்ளர் டீ. டேப் வரும், வயிறு போகும், கீச்சென்று பதில் சொல்வேன். மாதிரி உடுப்பைப் போட்டு உட்காரச் சொன்னாலும் குனியச் சொன்னாலும் வயிறு உள்ளேதான் இருக்கும். அட்டையில் இருபத்திரண்டு முப்பதுகள் வரிசையாக நின்றன. வெளியாட்கள் வந்தால் முதலாளியம்மா அதைக் காட்டி, "பதினோரு வருஷமா ஒரு நூல் நகரல பாருங்க," என்பார். நான் தலையைக் குனிந்துகொண்டு அடக்கமாக நிற்பேன். அந்த அடக்கத்துக்கும் மூச்சைப் பிடிக்க வேண்டியிருந்தது. வீட்டில் என் பேண்ட் கொக்கிகள் ஒவ்வொன்றாக இடம் மாறிக்கொண்டிருந்தது வேறு கதை.

மழைக்கோட்டில் இதெல்லாம் பெரிதாகத் தெரியவில்லை. இடுப்பில் எலாஸ்டிக் வைத்தால் எந்தப் பொய்யும் கொஞ்சம் இழுத்துக்கொடுக்கும். இந்த வருஷம்தான் முதலாளியம்மாவின் ரொம்ப நாள் ஆசை நிறைவேறியது. பெண்களுக்கான இறகு ஜாக்கெட், மலையேற்றத்துக்கும் கூடாரத்தில் தங்குவதற்கும். எடை இருநூற்றுத் தொண்ணூறு கிராம். சுருட்டினால் தன் பைக்குள்ளேயே அடங்கி ஒரு பன் அளவுக்கு வந்துவிடும். உள்ளே இருப்பது வாத்தின் அடிவயிற்றுத் தூவி, இறகுக்கு அடியில் பஞ்சு மாதிரி இருக்குமே அது. வாத்துக்கு அடிவயிறு இருப்பதில் ஒரு பிரயோஜனம் இருக்கிறது என்று தெரிந்து எனக்குப் பொறாமையாக இருந்தது.

தூவி தானாகச் சூடு தராது. உப்பி நின்று காற்றைப் பிடித்து வைத்துக்கொள்ளும், அந்தக் காற்றுதான் குளிரைத் தடுக்கும். நசுங்கினால் போச்சு, வெறும் துணிதான். விளம்பரத்தில், "தூவிக்கு மூச்சு விட இடம் வேண்டும், அந்த இடத்தை நாங்கள் தருகிறோம்," என்று எழுதியவள் நான். எழுதும்போது எனக்கு உறைக்கவில்லை.

முதல் ஆறு ஜாக்கெட்டுகளும் என்மேல் வெட்டித் தைத்தவை. மார்பளவு முப்பத்தாறு உள்ள ஆறு பெண்கள் அவற்றைப் போட்டுக்கொண்டு மூன்று நாள் மலையில் கூடாரம் போட்டுத் தங்கிவிட்டு வந்தார்கள். எங்களிடம் வாங்குபவர்கள் எல்லோரும் மார்பளவைப் பார்த்துத்தான் வாங்குவார்கள், அதனால் பரிசோதனைக்கும் அதே கணக்கு. அவர்களுக்குத் தலைவி ஒருத்தி உண்டு, நீச்சல் சொல்லிக் கொடுப்பவள், மாதம் ஒருமுறை மலையேறாவிட்டால் கால் அரிக்கும் என்பாள். எங்கள் ஆபீசில் அவளுக்கு மலைக்காரி என்று பெயர். எங்கள் உடுப்பை மலையில் போட்டுப் பார்த்து உள்ளதை உள்ளபடி சொல்வது அவள் வேலை. நாங்கள் அவளைக் கூப்பிடுவதும் அதற்காகத்தான், பயப்படுவதும் அதற்காகத்தான்.

திங்கட்கிழமை காலையில் ஆறு படிவங்களும் என் மேஜைக்கு வந்தன. பதினான்கு கேள்விகளையும் தயாரித்தவள் நான். பதில்களைத் தொகுத்து, குறை என்ன, காரணம் என்ன என்று அறிக்கை எழுத வேண்டியவளும் நான்.

எடை: பிரமாதம் என்று ஆறு பேரும். சுருட்டி வைப்பது: பிரமாதம், ஒருத்தி மட்டும் தலையணையாக வைத்துக்கொண்டு காலையில் தேடினாளாம். தையல் வழியாக இறகு வெளியே வருகிறதா: இல்லை. குளிர் எங்கே தெரிந்தது: இடுப்பு, முதுகின் அடிப்பக்கம். அடுத்த படிவம், இடுப்பு. அதற்கடுத்தது, "இடுப்புல ஐஸ் பெல்ட் கட்டின மாதிரி." ஆறிலும் அதேதான். மலைக்காரி பெரிய எழுத்தில் எழுதியிருந்தாள்: "உட்கார்ந்தால் இடுப்பில் இறகே இல்லாத மாதிரி இருக்கிறது. இரண்டாம் நாள் ராத்திரி கீழ் ஜிப்பைத் திறந்துவிட்டுப் படுத்தேன். மூடியபோது இருந்ததைவிடத் திறந்தபோதுதான் கதகதப்பாக இருந்தது. இப்படி ஒரு ஜாக்கெட்டை நான் பார்த்ததில்லை."

கடைசி இரண்டு வரியைப் படித்ததும் என் கை தானாக என் இடுப்புக்குப் போனது. உடனே எடுத்துவிட்டேன், சுடுகிற பாத்திரத்திலிருந்து எடுப்பதுபோல.

அதற்கப்புறம் ஒரு மணி நேரம் நான் செய்த ஆராய்ச்சி சாமானியமானது அல்ல. தூவி மட்டமாக இருக்கலாம் என்று சப்ளையர் சான்றிதழைத் தேடினேன், முதல் தரம் என்று இருந்தது. அந்த ஆறு பேரும் ராத்திரி சரியாகச் சாப்பிட்டிருக்க மாட்டார்கள் என்று நினைத்தேன், எட்டாவது கேள்வியில் என்ன சாப்பிட்டோம் என்று அரைப் பக்கம் எழுதியிருந்தார்கள். கடைசியில் மலையின் மேலேயே சந்தேகப்பட்டேன்.

மத்தியானம் முதலாளியம்மா மேலே கூப்பிட்டு, கதவைச் சாத்தச் சொன்னார்.

"தூவி சரி, துணி சரி, தையல் சரி. அப்ப பேட்டர்ன்தான் தப்பு. மாஸ்டர் அளவுல எங்கயோ கோட்ட விட்டிருக்காரு," என்றார். "அவர் நல்ல மனுஷன், எனக்கும் சங்கடமாத்தான் இருக்கு. ஆனா இந்த ஜாக்கெட்டுக்காக ரெண்டு வருஷம் காத்துட்டு இருந்தேன். வெள்ளிக்கிழமை உங்க ரிப்போர்ட் வரட்டும். பேட்டர்ன் தப்புன்னு அதுல இருந்தா, மாஸ்டர நிறுத்திட்டு வேற ஆள் வைக்கறதத் தவிர எனக்கு வழியில்ல. இப்பவே ஒருத்தர்கிட்ட பேசி வச்சிருக்கேன்."

"சரி மேடம்," என்றேன். வேறு என்னவோ சொல்லத்தான் வாயைத் திறந்தேன். வந்தது அதுதான்.

மாஸ்டரின் வேலை என் பேனா நுனியில் இருந்தது. காரணம் என்று ஒரு கட்டம், நாலு வரி எழுதும் அளவுக்கு இடம். அதில் அவர் பெயரை எழுதலாம், அல்லது என் வயிற்றை எழுதலாம். என்னை நியாயமானவள் என்று நானே நம்பிக்கொண்டிருந்த காலம் அது. எனக்கு நாலு நாள் பிடித்தது.

செவ்வாய்க்கிழமை மாஸ்டர் சாப்பிடப் போகவில்லை. துணியை வெட்ட மேலே வைக்கும் பேட்டர்ன் அட்டைகளை எல்லாம் மேஜையில் பரப்பி, ஒவ்வொன்றையும் திரும்பத் திரும்ப அளந்துகொண்டிருந்தார். பழைய டேப் நீண்டுபோயிருக்குமோ என்று புது டேப் வாங்கி வந்து, இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். ஒரு மயிரிழைகூட மாறவில்லை. புதன்கிழமை என் மேஜைக்கு வந்து ஸ்கேலில் டேப்பை வைத்து விரலால் ஒரு கோட்டைக் காட்டினார்.

"இது எவ்வளவும்மா, கொஞ்சம் பாத்துச் சொல்லுங்க."

"ஏழே கால், மாஸ்டர்."

"எனக்கும் ஏழே கால்தான் தெரியுது," என்றார். நிம்மதி அடைய வேண்டியவர், இன்னும் கலங்கிப்போனார். "அப்ப வெட்டும்போதுதான் தெரியல போல. கண்ணு போயிட்டு இருக்குன்னு நெனைக்கறேன். சாயங்காலம் டாக்டரப் பாக்கப் போறேன்."

அந்த இடத்தில் சொல்லியிருக்க வேண்டும். நான், "நல்ல டாக்டரா பாத்துப் போங்க மாஸ்டர்," என்றேன். இதைவிடக் கேவலமாக ஒரு வாக்கியம் நான் சொன்னதில்லை. அன்று முழுக்க நான் சோற்றைத் தொடவில்லை. சாப்பிடாமல் இருந்தும் இடுப்பு குறையவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன்.

வியாழக்கிழமை ஒரு ஜாக்கெட்டை வீட்டுக்குக் கொண்டு வந்தேன். என் பக்கத்து நியாயம் ஏதாவது மிச்சமிருக்கும் என்று ஒரு நப்பாசை. எங்கள் வீட்டில் மலை கிடையாது, ஃப்ரிட்ஜ்தான் உண்டு. கீழ்த் தட்டில் இருந்த காய்கறி, பால் எல்லாவற்றையும் எடுத்து வெளியே வைத்தேன். ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டு தரையில் உட்கார்ந்து, ஃப்ரிட்ஜுக்கு முதுகைக் காட்டி, முடிந்தவரை உள்ளே நகர்ந்தேன். மடியில் நோட்டு, கையில் பேனா, வாயில் தெர்மாமீட்டர். தெர்மாமீட்டர் எதற்கு என்று அப்போதும் தெரியவில்லை, இப்போதும் தெரியவில்லை.

வயிற்றை இழுத்துப் பிடித்தேன். ஜாக்கெட் உப்பிக்கொண்டு நின்றது, முதுகில் குளிர் தெரியவில்லை. மூச்சை விட்டேன். ஜிப் முனகியது. இடுப்பைச் சுற்றி இருந்த உப்பலெல்லாம் அடங்கி, துணி வயிற்றோடு ஒட்டிக்கொண்டது. எண்ணி இருபது விநாடி. ஃப்ரிட்ஜின் குளிர் என் முதுகின் அடிப்பக்கம் வந்து, மலைக்காரி எழுதிய அதே இடத்தில் உட்கார்ந்தது.

அந்த நேரம் பார்த்து என் கணவர் வேலையிலிருந்து வந்தார். செருப்பைக் கழற்றியவர் சமையலறை வாசலில் நின்று என்னைப் பார்த்தார், தரையிலிருந்த பாலைப் பார்த்தார், தெர்மாமீட்டரைப் பார்த்தார்.

"ரிப்பேர் ஃப்ரிட்ஜுக்கா, உனக்கா?" என்றார்.

தெர்மாமீட்டரை எடுத்துவிட்டு எல்லாவற்றையும் சொன்னேன். முப்பது, இருபத்திரண்டு முப்பது, மாஸ்டரின் கண், நாளைக்கு வெள்ளிக்கிழமை. சொல்லச் சொல்ல அழுகை வந்துவிட்டது. ஃப்ரிட்ஜுக்குள் முதுகை வைத்துக்கொண்டு அழுவது சௌகரியமான காரியமில்லை. அவர் பாலை எடுத்து மேடையில் வைத்தார்.

"எனக்குத் தெரியும்," என்றார்.

"என்ன தெரியும்?"

"நீ ஆபீஸ்ல மூச்சு விடறதில்லன்னு. பதினோரு வருஷமா சாயங்காலம் உள்ள வந்ததும் கதவச் சாத்திட்டு ஒரு பெருமூச்சு விடுவியே. ஆபீஸ்ல வேல ஜாஸ்தின்னு மொதல்ல நெனச்சேன். அப்புறம் ஒரு நாள் உங்க கம்பெனிக்கு வந்தப்ப அந்த அட்டையப் பாத்தேன்."

"பாத்துட்டு ஏன் ஒண்ணும் சொல்லல?"

"நான் என்னத்தச் சொல்றது? நீ அவ்வளவு சந்தோஷமா நின்னுட்டு இருந்த." ஃப்ரிட்ஜைக் காட்டி, "கதவச் சாத்து, கரண்டு ஓடுது," என்றார்.

வெள்ளிக்கிழமை மேல்மாடி அறையில் நாலு பேர். முதலாளியம்மா, மாஸ்டர், ஜாக்கெட்டுகளைத் திருப்பிக் கொடுக்க வந்த மலைக்காரி, நான். மாஸ்டர் புதுக் கண்ணாடி போட்டிருந்தார். அந்த வயதில் எல்லோருக்கும் எழுதிக் கொடுக்கும் சாதாரணக் கண்ணாடி. அது அவர் மூக்கில் தண்டனை மாதிரி உட்கார்ந்திருந்தது.

முதலாளியம்மா அறிக்கையைப் புரட்டினார். "காரணம் போடற எடம் காலியா இருக்கே?"

நான் வாயைத் திறப்பதற்குள் மாஸ்டர் எழுந்துவிட்டார். "அவங்களுக்கு எழுத மனசு வந்திருக்காது மேடம். தப்பு என்னோடதுதான். எங்க தப்புன்னு எனக்கே புடிபடல, ஆனா வெட்டினது நான். நீங்க சொல்ற வரைக்கும் காத்திருக்க வேணாம்னு பாக்கறேன். நானே நின்னுக்கறேன்."

"மாஸ்டர், டேப் எடுங்க," என்றேன். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். "என் இடுப்ப அளந்து பாருங்க. இப்பவே."

அவர் தயங்கினார். முதலாளியம்மா தலையசைத்ததும் கிட்ட வந்து, வழக்கம்போல் சுவரைப் பார்த்துக்கொண்டு டேப்பைச் சுற்றினார். நான் உண்மையைச் சொல்ல நிற்கிறேன், நாலு நாள் யோசித்துத் தீர்மானம் பண்ணிவிட்டு நிற்கிறேன். டேப் பட்டதும் என் வயிறு உள்ளே போய்விட்டது.

"முப்பது," என்றார் மாஸ்டர்.

"இருங்க மாஸ்டர், இன்னும் விடல," என்றேன் கீச்சுக் குரலில்.

விட வேண்டும் என்று நினைத்தால் விட வரவில்லை. பதினோரு வருஷமாக அந்த அறைகளில் பழகிய வயிறு அது, என் பேச்சைக் கேட்பதாக இல்லை. கண்ணை மூடிக்கொண்டேன். வீட்டுக் கதவைச் சாத்துவதாக நினைத்துக்கொண்டு மெதுவாக விட்டேன். டேப் அவர் விரல்களுக்கிடையே நழுவுவது தெரிந்தது. நழுவிக்கொண்டே இருந்தது.

"முப்பத்து மூணரை," என்றார். குரல் அவருடையது மாதிரியே இல்லை.

மலைக்காரிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. மாஸ்டரின் முகத்தைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டாள்.

"சாப்ட்டு வந்தீங்களா?" என்றார் முதலாளியம்மா.

"காலையில ஒண்ணும் சாப்பிடல மேடம்."

மாஸ்டர் டேப்பைக் கழுத்தில் போட்டுக்கொள்ளவில்லை. மெதுவாகச் சுருட்டினார். "எத்தன நாளா?"

"மொத நாள்லேருந்து, மாஸ்டர்."

"ஒவ்வொரு தடவையும் மூச்சு விடுங்கன்னு சொன்னேனே."

"சொன்னீங்க."

"விட்டுட்டேன்னு சொன்னீங்களே."

"ஆமா."

அவர் கண்ணாடியைக் கழற்றிச் சட்டைப் பையில் வைத்தார். "நாலு நாளா என் கண்ணு மேல சந்தேகப்பட்டேன். முந்தாநேத்து வீட்டுல எல்லாரையும் உக்கார வச்சு, வேல போயிடும், என் மேலதான் தப்புன்னு சொன்னேன். நீங்க என் பக்கத்து மேஜையிலதான் இருந்தீங்க." அவ்வளவுதான் சொன்னார். கதவை மெதுவாகச் சாத்திவிட்டுக் கீழே போனார். கத்தியிருந்தால் எனக்கு எவ்வளவோ தேவலையாக இருந்திருக்கும்.

என்னை வெளியே போகச் சொல்வார் என்று முதலாளியம்மாவைப் பார்த்தேன். அவர் வேறு எதையோ கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார்.

"அப்ப இத்தன வருஷமா நாம தச்சதெல்லாம், மூச்சப் புடிச்சிட்டு நிக்கற பொம்பளைக்குத் தச்சதா?"

"ஆமா மேடம்."

"இடுப்பு டைட்டா இருக்குன்னு லெட்டர் வருமே. அதுக்கெல்லாம் என்ன பதில் போட்டோம்?"

என்ன பதில் போட்டோம் என்று எனக்கு மனப்பாடம். 'தங்கள் இடுப்பளவு எங்கள் அளவுப் பட்டியலைவிடக் கூடுதலாக இருக்கலாம். தங்கள் அளவைச் சரிபார்த்து அடுத்த அளவைத் தேர்ந்தெடுக்கும்படி கேட்டுக்கொள்கிறோம்.' எழுதியது நான்தான். நாசூக்கான கடிதம் என்று பெருமைகூடப் பட்டிருக்கிறேன். கீழே போய்க் கோப்பை எடுத்து வந்து எண்ணினோம். பதினோரு வருஷத்தில் இருநூற்றுப் பதினேழு பெண்கள்.

அதில் ஒருத்தி திரும்ப எழுதியிருந்தாள். 'மன்னிக்கவும். இரண்டாவது குழந்தைக்குப் பிறகு உடம்பு இப்படி ஆகிவிட்டது. உங்கள் மேல் தப்பில்லை. இனிமேல் பார்த்து வாங்குகிறேன்.' அவள் எங்களிடம் மன்னிப்பு கேட்டிருக்கிறாள். நான் அதன் மேல் 'முடிந்தது' என்று முத்திரை குத்திக் கோப்பில் போட்டிருக்கிறேன். மாஸ்டருக்காக அழாத அழுகையும் சேர்ந்து அப்போது வந்தது. எனக்கு என்மேல் வந்த கோபத்துக்கு அந்த முத்திரையை என் நெற்றியிலேயே குத்திக்கொள்ளலாம் போல் இருந்தது.

"மீடியத்துக்கு வேற ஆள் பாக்கணும்," என்றார் முதலாளியம்மா.

"எதுக்கு வேற ஆள்?" என்றாள் மலைக்காரி. "எங்க ஆறு பேருக்கும் அளந்து பாருங்க, இவங்க இடுப்புதான் இருக்கும். என்ன, நாங்க மூச்சு விடறோம். இவங்களும் விட்டா சரியாப் போச்சு."

திங்கட்கிழமை மாதிரி அறையில் மறுபடி நின்றேன். மாஸ்டர் மூச்சு விடுங்கம்மா என்று சொல்லவில்லை. டேப்பைச் சுற்றிவிட்டு, அது நகராமல் நிற்கும்வரை பேசாமல் காத்திருந்தார். ரொம்ப நேரம் காத்திருந்தார். நான் வணக்கம் சொன்னால் தலையசைப்பார், அதற்கு மேல் கிடையாது. எனக்கு அதுவே அதிகம் என்று இருந்துகொண்டேன்.

அந்த இருநூற்றுப் பதினேழு பேருக்கும் கடிதம் போட வேண்டும், வேண்டியவர்களுக்குப் புதிய அளவில் மாற்றிக் கொடுப்போம் என்று சொல்ல வேண்டும் என்பது முதலாளியம்மாவின் உத்தரவு. எழுதினேன். என் கைக்கு வழக்கமான நாசூக்கு வந்துவிட்டது. 'அளவுப் பட்டியலில் நேர்ந்த ஒரு சிறிய வேறுபாடு காரணமாக' என்று ஆரம்பித்து, ஒரு பக்கம் நயமாக முடித்து மேஜையில் வைத்திருந்தேன். மாஸ்டர் அந்தப் பக்கம் போனவர் நின்று படித்தார். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இன்னொரு தடவை படித்தார்.

"சிறிய வேறுபாடுன்னு போட்டிருக்கீங்க."

பத்து நாளில் அவர் என்னிடம் பேசிய முதல் வார்த்தை. எழுந்து நின்றேன். "ஆமா மாஸ்டர்."

"மூணரை இஞ்ச் சிறுசில்லம்மா. அப்புறம், யாரால நேர்ந்ததுன்னு இல்ல. படிக்கறவங்க அளவெடுத்தவன் தப்புன்னு நெனப்பாங்க. இல்லன்னா மறுபடியும் தன் உடம்புதான் தப்புன்னு நெனப்பாங்க."

உட்கார்ந்து புதிதாக டைப் அடித்தேன். 'எங்கள் அளவுகளுக்கு நின்றவள் நான். பதினோரு வருடங்களாக வயிற்றை உள்ளிழுத்துக்கொண்டு நின்றேன். என் இடுப்பளவு முப்பது அல்ல, முப்பத்து மூன்றரை அங்குலம். அளவெடுத்தவர் சரியாகவே எடுத்தார். உங்கள் உடம்பிலும் எந்தத் தப்பும் இல்லை.' அவர் பின்னால் நின்று வரிக்கு வரி படித்துக்கொண்டே இருந்தார். முப்பத்து மூன்றரை என்பதை எண்ணிலும் போடச் சொன்னார், போட்டேன்.

"இப்ப அனுப்புங்க," என்றார்.

அனுப்பிவிட்டேன். முன்பின் தெரியாத இருநூற்றுப் பதினேழு பெண்களுக்கு இப்போது என் இடுப்பளவு தெரியும்.